வீரநாராயணன் ஏரிக்கரையில் ஓர் ஊர்



தில்லைத் திருநகரிலிருந்து தென்மேற்கே ஏறத்தாழ 25 கிலோமீட்டர் தொலைவில் காட்டுமன்னார்கோயில் என்னும் சிற்றூர் உள்ளது. கடலூர் மாவட்டத்தில் ஒரு வட்டத்தின் தலைமையிடம். ஒரு பேருந்து நிலையமும், சில கடைத்தெருக்களும், சுற்றிலும் நெல்வயல்களும் உடையது. அவ்வூரை வழியில் கண்டு கடந்து செல்வோர், இங்கே பேசுதற்கு என்ன இருக்கிறது என்று நினைத்தல் கூடும். இவ்விழா நாளில் அவ்வூரைப் பற்றியே பேச எண்ணினோம்.

முதலில் அதன் இருப்பிடத்தை அறிதல் வேண்டும். தெற்கே கொள்ளிடம், வடக்கே வெள்ளாறு. இவ்விரண்டு ஆறுகளுக்கும் இடையே, மேற்கே செயங்கொண்டம் பக்கத்து மேட்டு நிலம் தாழ்ந்து வந்து கீழைக் கடற்கரைச் சமவெளியோடு சேரும் இடத்தில், தெற்கு வடக்காக நீண்டு கிடக்கிறது வீராணம் ஏரி. நீளம் ஏறத்தாழ 14 கிலோமீட்டர். அகலம் மிகுந்த இடத்தில் 5 கிலோமீட்டர் அளவு. தென்கோடியில் காட்டுமன்னார்கோயில், வடகோடியில் சேத்தியாத்தோப்பு. மேற்கேயுள்ள மேட்டிலிருந்து மழைக்காலத்தில் செங்கால் ஓடையும் கருவாட்டு ஓடையும் பாய்ந்து வரும். அவ்வெள்ளம் தடையின்றி ஓடினால் கீழே உள்ள ஊர்கள் அழியும். மழை முடிந்தபின் அதே ஊர்கள் நீரின்றி வாடும். இந்நிலத்தின் சரிவை நன்கு உணர்ந்த ஒருவனே கீழ்ப்புறத்தில் கரை எழுப்பி வெள்ளத்தை ஏரியாக்கியிருத்தல் வேண்டும். அக்கரையின் மேலேயே இன்று சேத்தியாத்தோப்புக்குச் சாலை செல்கிறது. ஒரு புறம் நீர்ப்பரப்பு, மறு புறம் தாழ்ந்து விரிந்த வயல். ஏறத்தாழ 45 ஆயிரம் ஏக்கர் நிலம் இவ்வேரியை நம்பியுள்ளது. அருகே உள்ள லால்பேட்டையில் முகமதியப் பெருமக்கள் மிகுதியாக வாழ்கின்றனர். அப்பக்கத்து வெற்றிலைக் கொடிக்கால்களும் இந்நீரால் தழைப்பனவே.

வீராணம் என்பது வீரநாராயணம் என்பதன் திரிபு. வீரநாராயணன் என்பது முதற் பராந்தக சோழனது பட்டப்பெயர். கி.பி. 907 முதல் 955 வரை ஆண்டவன் அவன்; தில்லைச் சிற்றம்பலத்துக்குப் பொன் வேய்ந்தவன் என்று சைவ உலகம் போற்றும் மன்னன். அவன் பெயரால் இங்கே வீரநாராயணச் சதுர்வேதிமங்கலம் என்னும் பேரூர் அமைந்தது. பராந்தகன் மகன் இராசாதித்தன், வடக்கே வரவிருந்த போருக்காகத் திருமுனைப்பாடி நாட்டில், சுந்தரர் அவதரித்த திருநாவலூர்ப் பக்கத்தில், படையோடு தங்கியிருந்தான் என்பதும், 949ஆம் ஆண்டு தக்கோலப் போரில் யானைமீதிருந்தே உயிர் நீத்தான் என்பதும் வரலாறு. வேலையின்றி இருந்த அப்படையைக் கொண்டே இளவரசன் இவ்வேரியை வெட்டுவித்தான் என்று ஊர்மக்கள் கூறுவர். பெயர் தந்தையினது, கதை மகனுடையது. போருக்குத் திரட்டிய கைகள் மண்வெட்டி பிடித்தன என்னும் அக்கதையை விட்டுவிட எமக்கு மனம் வரவில்லை.

சிவபத்தியிற் சிறந்த மன்னன் நாராயணன் பெயரைத் தாங்கினான் என்பதை இக்காலத்தார் சிலர் வியப்பர். இவ்வூரில் அவ்வியப்பு நெடுநேரம் நில்லாது. ஊரின் ஒரு பகுதியில் வீரநாராயணப் பெருமாள் எழுந்தருளியுள்ளார். அப்பெருமானுக்குரிய காட்டுமன்னனார் என்னும் திருநாமமே ஊர்ப்பெயராயிற்று. மற்றொரு பகுதிக்கு உடையார்குடி என்று பெயர். உடையார் என்றது சிவபெருமானை. அங்கே அனந்தீசுவரர் திருக்கோயில், சோழர் காலக் கற்றளியாக, அழகிய தேவகோட்டங்களோடு விளங்குகிறது.

இனி இவ்வேரிக் கரைக்கே உரிய ஒரு பெருமையைச் சொல்வோம். வைணவப் பெரியாராகிய நாதமுனிகள் பிறந்த ஊர் இதுவே. திருக்கோயிலுக்கு வந்த யாத்திரிகர் சிலர் நம்மாழ்வாருடைய பாசுரங்கள் பத்தினை ஓதினர் என்றும், அவை ஆயிரத்துள் ஒரு பகுதி என்று அறிந்த முனிவர், ஏனையவற்றைத் தேடித் திருக்குருகூர் வரை சென்று நாலாயிரத்தையும் பெற்று மீண்டார் என்றும், தம் மருமக்கள் இருவரைக் கொண்டு அவற்றை இசையோடு பரப்பினார் என்றும் அம்மரபு கூறும். அவர் பெயரர் ஆளவந்தார். பின்வந்த இராமாநுசர் எழுபத்து நான்கு சிங்காதனாதிபதிகளை நியமித்ததற்கும் இவ்வேரியின் எழுபத்து நான்கு மதகுகளே காரணம் என்பர். ஏரி நீர் மதகுதோறும் பிரிந்து வயலை அடைதல்போல அருளும் பரவவேண்டும் என்பது கருத்து. மதகைப் பார்த்து ஒரு சமயத்தின் அமைப்பையே வகுத்தார்கள் என்றால், அவர்கள் உழவரை நன்கு அறிந்தவர்கள்.

இதே ஊரிலிருந்து தில்லைக்குச் செல்லும் சாலையில் திருநாரையூர் இருக்கிறது. பொல்லாப் பிள்ளையார் திருவருள் பெற்ற நம்பியாண்டார் நம்பிகள் அவதரித்த தலம் அது. தில்லையில் மூவர் கையிலச்சினையோடு பூட்டியிருந்த அறையைத் திறப்பித்து, செல்லரித்தவை போக எஞ்சிய ஏடுகளைத் திருமுறைகளாக வகுத்தவர் அவரே. பண் அறிய வேண்டியபோது, திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்மணியைத் திருஎருக்கத்தம்புலியூரில் கண்டு, அவரைக் கொண்டு பண் அமைப்பித்ததாகத் திருமுறைகண்ட புராணம் கூறுகின்றது. நாலாயிரத்தை மீட்டவரும் திருமுறையை மீட்டவரும் சில கல் தொலைவுக்குள் பிறந்திருக்கின்றனர். இருவரும் ஏட்டோடு நில்லாது இசையையும் மீட்டனர். இரு சமயத்துக்கும் வழக்காடுவதையே தொழிலாகக் கொண்டோர் ஒருமுறை இச்சாலையில் பயணம் செய்து பார்க்கலாம். நிலம் விளைந்தாலன்றிச் சபையும் இல்லை, பாடசாலையும் இல்லை, ஏடு எழுதுவாரும் இல்லை என்பதே எம் கருத்து. கரக்கோயில் எனத் தேர் வடிவில் விளங்கும் மேலக்கடம்பூரும், ஓமாம்புலியூரும், கானாட்டுமுள்ளூரும் ஆகிய பாடல் பெற்ற தலங்கள் இப்பகுதியில் நெருங்கி அமைந்ததும் இது பற்றியே.

ஏரிக்கு மழைநீர் மட்டும் போதாது; காவிரி நீரும் வேண்டும். அது கொள்ளிடத்தின் கீழணையிலிருந்து வடவாறு வழியாக வருகிறது. அணைக்கரை என்று வழங்கும் அவ்விடத்தில், 1836ஆம் ஆண்டு, ஆர்தர் காட்டன் என்னும் ஆங்கிலேயப் பொறியாளரின் திட்டப்படி அணை கட்டப்பெற்றது. தஞ்சையும் தென்னார்க்காடும் அவருக்கு நன்றி பாராட்டுதல் முறையே. ஆயினும் அவ்வணைக்கு வேண்டிய கல் எங்கிருந்து வந்தது என்பதையும் மறைத்தல் ஆகாது. அருகே, கங்கை வரை படை செலுத்திய இராசேந்திர சோழன் எடுத்த கங்கைகொண்ட சோழீச்சரத்தின் திருமதில் பெரும்பாலும் தகர்க்கப்பட்டு, அக்கற்கள் அணைக்கு ஏற்றிச் செல்லப்பட்டன. ஏழை மக்கள் தடுத்து நின்றனர்; தண்டனையே பெற்றனர். கல்மதிலுக்கு ஈடாகச் செங்கல் மதில் கட்டித் தருவதாக வாக்களித்தார்கள். அவ்வாக்கு நிறைவேறவில்லை என்பதை, 1855ஆம் ஆண்டில் வெளிவந்த ஆங்கில நூல் ஒன்றே வருத்தத்தோடு பதிவு செய்துள்ளது.

அணை நன்மை, மதிலை இடித்தது பிழை. ஒன்றைச் சொல்லி மற்றொன்றை விடுவோர் பாதி வரலாறு சொல்பவரே. யாம் ஒரு முறை கீழணையில் நின்று ஓடும் நீரைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, அபிடேக நீர் வழிந்த கற்கள் இப்போது காவிரியையே தாங்கி நிற்கின்றன என்னும் எண்ணம் தோன்றியது. துயரமும் ஆறுதலும் கலந்த எண்ணம் அது. இன்று வீராணத்துக்கு வரும் காவிரி நீர் அவ்வணையைக் கடந்தே வருகின்றது.

உடையார்குடிக் கல்வெட்டைப் பற்றிப் பேசாவிடின் அன்பர்கள் எம்மை விடமாட்டீர்கள். கல்கியின் பொன்னியின் செல்வன் 1950 முதல் 1954 வரை தொடர்கதையாக வந்தது. அக்கதை தொடங்குவதே ஆடிப்பெருக்கு நாளில் இவ்வேரிக் கரையில்தான். 2022லும் 2023லும் அது இரு பாகங்களாகத் திரைப்படமாகவும் வந்தது. கதை படித்தவர் பலரும் அனந்தீசுவரம் வந்து, ஆதித்த கரிகாலனைக் கொன்றவர் பெயர் எங்கே எழுதியிருக்கிறது என்று கேட்கின்றனர். மூலவரை வணங்காமலே சுவரைத் தேடுவோரும் உண்டு! கேட்பதில் தவறில்லை. முதல் இராசராசனது இரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்த அக்கல்வெட்டில் சோமன், இரவிதாசனான பஞ்சவன் பிரமாதிராசன், பரமேசுவரனான இருமுடிச்சோழ பிரமாதிராசன் என்னும் உடன்பிறந்தார் பெயர்கள் உள்ளன. பாண்டியன் தலைகொண்ட கரிகாலசோழனைக் கொன்ற துரோகிகள் என்றே கூறப்பட்டுள்ளனர். அவர்களும் அவர்களைச் சார்ந்தோரும் உடைமை இழத்தல் பற்றி வீரநாராயணச் சதுர்வேதிமங்கலத்துச் சபையார்க்கு அரசன் விடுத்த ஓலையும் அதில் உண்டு.

ஆனால் அக்கல்வெட்டு வெட்டப்பட்டது கொலையைப் பறைசாற்றுதற்கு அன்று. அவர்கள் இழந்த நிலத்தை ஒருவர் பொன் கொடுத்து வாங்கி, திருக்கோயிலில் அந்தணர் உண்ணுதற்கு அறமாக வைத்தார். அவ்வறத்துக்கு உரிய நிலம் யாருடையது, சபைக்கு எவ்வாறு வந்தது என்று மூலம் காட்டுதற்காகவே கொலைச் செய்தி இடையில் வருகிறது. இன்று வீட்டுமனை வாங்குவோர் தாய்ப்பத்திரம் கேட்பதில்லையா? அதுபோன்றது அது. இரத்தக் கறை படிந்த நிலம் எனினும், அது தரிசாய்க் கிடக்கவில்லை, மறுபடி உழப்பட்டது, அந்நெல் அனந்தீசுவரர் சந்நிதியில் சோறாயிற்று. யாம் அக்கல்வெட்டைப் பற்றிக் கேட்கும் இளைஞர்க்கு, முதலில் அறப்பகுதியைப் படித்து அதன்பின் கொலைப் பகுதிக்கு வருக என்று சொல்வது வழக்கம். சிலர் சிரிக்கின்றனர், சிலர் படிக்கின்றனர்.

ஏரி முன்போல் ஆழமாக இல்லை. மேற்கிலிருந்து வரும் ஓடைகள் நீரோடு மண்ணையும் கொண்டுவருகின்றன. ஒரு கடுங்கோடையில் யாம் சென்றபோது, ஏரியின் உள்ளே வெகுதூரம் மாடுகள் மேய்ந்துகொண்டிருந்தன. கரையில் நின்ற முதியவர் ஒருவர், “சாமி, என் சிறு வயசில் இந்த மதகிலே முங்கினால் தரை தட்டாது, இப்போ இடுப்பளவிலேயே சேறு” என்றார்.

அவ்வேரிக்கு இன்னொரு பொறுப்பும் வந்து சேர்ந்தது. சென்னைக்கு இந்நீரைக் கொண்டுசெல்ல 1960களின் இறுதியில் எடுத்த முயற்சி இடையில் நின்று, பெருங்குழாய்கள் சாலையோரங்களில் பல்லாண்டு கிடந்தன. வீடற்றோர் அவற்றுள் குடியிருந்ததும் உண்டு. பின்னர் 2004ஆம் ஆண்டில் புதிய திட்டம் நிறைவேறியது. நாளொன்றுக்கு 18 கோடி லிட்டர் கொண்டுசெல்லும்படி வகுத்த குழாய், சேத்தியாத்தோப்பிலிருந்து 200 கிலோமீட்டருக்கு மேல் ஓடுகின்றது. வயலுக்கா, நகருக்கா என்று வறட்சிக் காலந்தோறும் வழக்கு எழுகிறது. நகரத்தார் தாகத்தையும் யாம் குறைத்துச் சொல்லோம். கடைமடை உழவன் நாற்றங்காலில் நின்று வானத்தைப் பார்ப்பதையும் கண்டிருக்கிறோம்.

சில ஆண்டுகளுக்கு முன் சென்னையில் ஒரு திருமுறை விழாவுக்குச் சென்றிருந்தோம். எம்மை விருந்தோம்பிய அன்பர் இல்லம் வீராணத்து நீர் வரும் பகுதியில் இருந்தது. குடிக்கத் தண்ணீர் கொண்டுவந்த சிறுமியை நோக்கி, “அம்மா, இந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது?” என்று வினவினோம். “குழாயிலிருந்து, தாத்தா” என்றாள். அன்று மாலை நம்பியாண்டார் நம்பிகளைப் பற்றிப் பேசுவதாக இருந்தோம். திருநாரையூரில் தொடங்காமல் வடவாற்றில் தொடங்கினோம்.