மழைக்கால விடுமுறையில் குடும்பத்தோடு முதல் மலை நடை: ஜொகூரில் எங்கே போகலாம், எப்போது திரும்பலாம்?

ஜொகூரில் ஆண்டிறுதிப் பள்ளி விடுமுறையும் அடைமழையும் ஒன்றாகவே வருகின்றன. பிள்ளைகள் வீட்டில் இருக்கும் நாள்களில் வெளியே மழை. பேரங்காடியை விட்டால் போக்கிடம் இல்லை என்று பல குடும்பங்கள் நினைத்துக்கொள்கின்றன. ஆனால் சரியான இடத்தையும் நாளையும் தேர்ந்தெடுத்தால், மலையே ஏறியிராத குடும்பமும் இந்த மாதங்களில் அரை நாள் காட்டு நடை போய் வரலாம்.

பனி பெய்யும் நாடுகளில் குளிர்காலம் வந்ததும், நாய்கள் பூட்டிய சறுக்குவண்டியில் குடும்பங்கள் உலாப் போவதைப் பிள்ளைகள் கைப்பேசியில் பார்த்திருப்பார்கள். அங்கே புதிதாக வண்டி ஓட்ட வருபவருக்கு ஆரம்பத்திலேயே சொல்லித் தருவது பிரேக் பிடிப்பதைத்தான். வேகமாக ஓட்டுவதெல்லாம் பிறகு. ஜொகூரின் மழைக்கால நடைக்கும் இதுவே முதல் பாடம். எங்கே நிற்பது, எப்போது திரும்புவது என்று தெரிந்துகொண்ட பிறகுதான் உச்சியைப் பற்றி யோசிக்க வேண்டும்.

ஜொகூரின் ‘குளிர்காலம்’

நவம்பர் முதல் மார்ச் வரை வடகிழக்குப் பருவக்காற்றுக் காலம். சைபீரியா, சீனா பக்கத்தில் குளிர்காலம் முற்றும்போது அங்கிருந்து குளிர்ந்த காற்று தென்சீனக் கடலைக் கடந்து தெற்கே பாய்கிறது. வரும் வழியில் கடலின் ஈரத்தை அள்ளிக்கொண்டு வந்து, தீபகற்பத்தின் கிழக்குக் கரையிலும் ஜொகூரிலும் மழையாகக் கொட்டுகிறது. அந்த நாள்களில் பகல் வெப்பம்கூட 24 பாகை செல்சியஸ் அளவுக்கு இறங்குவதுண்டு.

இந்த மழை மற்ற மாதங்களின் மாலை இடிமழையைப் போன்றதல்ல. மற்ற மாதங்களில் காலையில் வெயில் அடித்து மாலையில் ஒரு மணி நேரம் கொட்டி ஓய்ந்துவிடும். பருவமழையோ ஒரு தடவை தொடங்கினால் இரண்டு மூன்று நாள்கள் விடாமல் பெய்யும். பிறகு சில நாள்கள் ஓய்வு தரும். ரப்பர் தோட்டத்தில் வாழ்ந்த பெரியவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். மரம் நனைந்தால் பால் வெட்டு இல்லை, வெட்டு இல்லாத நாளுக்கு வருமானமும் குறைவு. அதனால் வானத்தைப் பார்த்து நாளைக் கணிப்பது அவர்களுக்கு அன்றாடப் பழக்கமாக இருந்தது.

குடும்ப நடைக்கு ஏற்றது இந்த ஓய்வு நாள்கள்தான். அதிலும் மழை நின்ற மறுநாளே கிளம்பக் கூடாது. மண் நீரைக் குடித்து ஊறியிருக்கும், ஓடைகளும் வடிந்திருக்காது. ஒன்றிரண்டு நாள் பொறுத்துப் போவது நல்லது. பருவத்தின் கடைசிப் பகுதியான பிப்ரவரியில் மழை பெரும்பாலும் குறைந்துவிடுவதால், டிசம்பரில் முடியாமல் போனவர்கள் அப்போது திட்டமிடலாம். 2025 ஜனவரியிலிருந்து ஜொகூரின் வார விடுமுறை மீண்டும் சனி, ஞாயிறு ஆகிவிட்டது. சிங்கப்பூரில் வேலை செய்யும் பெற்றோருக்கும் உள்ளூரில் படிக்கும் பிள்ளைகளுக்கும் இப்போது பொதுவான ஓய்வு நாள் கிடைக்கிறது.

முதல் நடைக்கு ஏற்ற இடங்கள்

தஞ்சோங் பியாய்: பொந்தியான் மாவட்டத்தில் உள்ள இந்த முனை, ஆசியக் கண்டத்துப் பெருநிலத்தின் தென்கோடி. சதுப்புநிலக் காட்டின் நடுவே மரப்பலகைப் பாதை அமைத்திருக்கிறார்கள். ஏற்றமே இல்லை என்பதால் தாத்தா பாட்டியும் சிறு குழந்தைகளும் சேர்ந்து நடக்கலாம். பாதையின் இரு பக்கமும் சேற்றில் தாவும் மீன்கள், ஒற்றைக் கை பெருத்த நண்டுகள், நீண்ட வால் குரங்குகள் ஆகியவற்றைப் பார்க்கலாம். தஞ்சோங் பியாய், பக்கத்திலுள்ள கூக்கூப் தீவு, பூலாய் ஆற்று முகத்துவாரம் ஆகிய மூன்றும் 2003-இல் ராம்சார் ஒப்பந்தத்தின் கீழ் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களாக அறிவிக்கப்பட்டன. உணவுப் பொட்டலத்தைக் கையில் பிடித்துக்கொண்டு நடக்க வேண்டாம், குரங்குகள் பறித்துவிடும். நனைந்த பலகை வழுக்கும். இடி இடித்தால் கடல் பக்கத்து மேடையை விட்டு உடனே உள்ளே வந்துவிட வேண்டும்.

குனோங் லம்பாக்: குளுவாங் நகரிலிருந்து சில கிலோமீட்டர் தொலைவில் உள்ள 510 மீட்டர் உயர மலை. குளுவாங், ரெங்கம், லாயாங் லாயாங் வட்டாரத்தில் பலர் முதன்முதலாக ஏறிய மலை இதுவாகத்தான் இருக்கும். அடிவாரத்தில் பொழுதுபோக்குப் பகுதி இருப்பதால், ஏற விரும்பாதவர்கள் அங்கேயே இருந்துகொள்ளலாம். தொடக்கம் எளிதாக இருக்கும். மேலே போகப் போக வழி செங்குத்தாகி, வேர்களைப் பிடித்து ஏற வேண்டிய இடங்களும் வரும். மழைக்காலத்தில் அந்த வேர்கள் எண்ணெய் தடவியதுபோல் இருக்கும். ஏறுவதைவிட இறங்கும்போதுதான் கால் வழுக்கும். பத்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளோடு போகும் குடும்பம், வழி செங்குத்தாகத் தொடங்கும் இடத்தையே அன்றைய உச்சியாக வைத்துக்கொள்ளலாம்.

குனோங் பூலாய்: கூலாய்க்கும் பொந்தியானுக்கும் இடையே உள்ள 654 மீட்டர் உயர மலை. உச்சியில் தொலைத்தொடர்புக் கோபுரங்கள் இருப்பதால் தார்ச்சாலை மேலே வரை போகிறது. காட்டு வழியைத் தவிர்த்துச் சாலையிலேயே நடந்தால் சேறும் அட்டையும் குறைவு, வழி தவறும் அச்சமும் இல்லை. ஆனால் ஏற்றம் நீளமானது. முழங்கால் வலி உள்ளவர்கள் பாதியில் திரும்புவது மேல். 1927-ஆம் ஆண்டு உடன்பாட்டின்படி சிங்கப்பூர் இந்த மலைப் பகுதியிலிருந்து குடிநீர் எடுக்கத் தொடங்கியது. பின்னர் வந்த 1961-ஆம் ஆண்டு உடன்பாடு முடிந்ததும், 2011 ஆகஸ்ட் 31-இல் இங்குள்ள நீர் நிலையங்கள் ஜொகூரிடம் ஒப்படைக்கப்பட்டன.

இந்தப் பருவத்தில் தவிர்க்க வேண்டியவையும் உண்டு. தங்காக் பக்கத்திலுள்ள 1,276 மீட்டர் உயர குனோங் லேடாங் புதியவர்களுக்கு உரியதல்ல. எண்டாவ் ரொம்பின் தேசியப் பூங்காவைப் பருவமழை மாதங்களில் மூடுவது வழக்கம். எந்த இடமானாலும் திறந்திருக்கிறதா, அனுமதி வேண்டுமா என்பதை ஜொகூர் வனத்துறையிடமோ ஜொகூர் தேசியப் பூங்காக் கழகத்திடமோ முன்கூட்டிக் கேட்டுவிட்டுக் கிளம்புவதுதான் முறை.

பூலாய் மலை சொன்ன பாடம்

2001 டிசம்பர் 27 அன்று ‘வாமெய்’ என்ற வெப்பமண்டலப் புயல் தென்கிழக்கு ஜொகூரில் கரையேறியது. நிலநடுக்கோட்டுக்கு இவ்வளவு அருகில், ஏறக்குறைய ஒன்றரைப் பாகை வடக்கில், புயல் உருவாவது மிக அரிது. அதன் கனமழையில் பூலாய் மலைச்சரிவு பெயர்ந்து, மண்ணும் பாறையும் மரங்களும் அடிவாரத்தில் இருந்த வீடுகள்மேல் பாய்ந்தன. ஐவர் உயிரிழந்தனர். 2006 டிசம்பரிலும் 2007 ஜனவரியிலும் கோத்தா திங்கி, சிகாமாட், குளுவாங் உள்ளிட்ட ஊர்கள் அடுத்தடுத்து வெள்ளத்தில் மூழ்கி, ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் வீட்டை விட்டு வெளியேறினர்.

இவை அச்சமூட்டச் சொல்லும் கதைகள் அல்ல. மழைக்காலத்தில் மலை உறுதியான தரையாக இருப்பதில்லை என்பதற்கான சான்றுகள். ஊறிய சரிவில் புதிதாக விரிசல் தெரிந்தாலோ, மரங்கள் ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தாலோ, இல்லாத இடத்தில் நீர் ஊறி வழிந்தாலோ மேலே தொடரக் கூடாது.

ஓடையில் இறங்கலாமா?

புதிய குடும்பங்களுக்கு இந்த மாதங்களில் பதில் ஒன்றுதான்: வேண்டாம். மலையோரக் குளியல் இடங்களில் உயிரைப் பறிப்பது பெரும்பாலும் ஆழமல்ல, திடீர் நீர்ப்பெருக்கு. மலாயில் இதை ‘கெப்பாலா ஆயர்’ என்பார்கள். குளிக்கும் இடத்தில் வெயில் அடித்துக்கொண்டிருக்கும். மேல்மலையில் மழை கொட்டியிருக்கும். விழுந்த மரமும் சருகும் ஓடையை அடைத்து நீரைத் தேக்கும். அந்த அடைப்பு உடைந்ததும் தேங்கிய நீர் முழுவதும் சுவர்போல் கீழே வரும். அதனால்தான் தலைக்கு மேல் வானம் தெளிவாக இருப்பதை மட்டும் நம்பக் கூடாது.

முன்னறிகுறிகள் சில உண்டு. தெளிந்த நீர் திடீரெனக் கலங்கும். இலையும் சுள்ளியும் மிதந்து வரும். மேலிருந்து லாரி வருவதுபோல் இரைச்சல் கேட்கும். நீர்மட்டம் சட்டென்று ஏறும், அல்லது காரணமின்றி இறங்கும். இவற்றில் ஒன்றைக் கண்டாலும் பையையும் செருப்பையும் விட்டுவிட்டு மேட்டுக்கு ஏற வேண்டும். ஓடையின் போக்கிலேயே ஓடாமல், பக்கவாட்டில் உயரத்தை நோக்கிப் போவதுதான் சரி. திரும்பும் வழியில் ஓடை பெருகியிருந்தால் கடக்க முயலாமல், வடியும்வரை இக்கரையிலேயே காத்திருக்க வேண்டும்.

இன்னோர் ஆபத்து எலிச் சிறுநீர்க் காய்ச்சல். எலியின் சிறுநீர் கலந்த நீரும் சேறும் காலிலுள்ள சிறு காயம் வழியாகவே கிருமியை ஏற்றிவிடும். 2010-இல் பகாங் மாநிலத்தின் லுபோக் யூ நீர்வீழ்ச்சியில் மீட்புப் பணிக்குச் சென்றவர்களில் சிலர், நீரிலும் மண்ணிலும் இருந்த இத்தகைய கிருமிகளால் நோயுற்று இறந்தனர். நடைக்குப் போய்வந்த இரண்டு மூன்று வாரத்துக்குள் காய்ச்சலும் கெண்டைக்கால் வலியும் வந்தால், காட்டுக்குப் போன செய்தியை மருத்துவரிடம் மறக்காமல் சொல்ல வேண்டும்.

கிளம்பும் முன்

முதல் நாள் இரவும் கிளம்பும் காலையும் மலேசிய வானிலை ஆய்வுத் துறையின் அறிவிப்பைப் பார்க்க வேண்டும். தொடர் மழைக்கு அது மூன்று நிலை எச்சரிக்கை விடுகிறது: மஞ்சள் விழிப்பு, செம்மஞ்சள் மோசம், சிவப்பு அபாயம். மஞ்சள் என்றாலே குடும்ப நடையைத் தள்ளிவைத்துவிடலாம்.

கையில் இருக்க வேண்டியவை:

- பிடிப்புள்ள அடியுடன் கூடிய காலணி. சிலிப்பர் போட்டு மலை ஏறக் கூடாது.
- ஆளுக்கு ஒரு லிட்டருக்குக் குறையாத குடிநீர். கைக்கு எளிதான உணவு.
- மழைச்சட்டை, பிளாஸ்டிக் பையில் சுற்றிய மாற்றுடை. நனைந்த பிள்ளைக்கு மலைக்காற்றில் விரைவில் குளிரெடுக்கும்.
- விசில், கைவிளக்கு, முழுதாக மின்னூட்டிய கைப்பேசி. விசிலை மும்முறை ஊதினால் உதவி தேவை என்று பொருள்.
- அட்டைக்கு உப்பு அல்லது சவர்க்காரம். கால்சட்டையின் முனையைக் காலுறைக்குள் செருகிவிட்டால் பாதித் தொல்லை குறையும். கடித்த அட்டையைப் பிடித்து இழுக்காமல், நகத்தால் வாய்ப்பகுதியைத் தள்ளி எடுக்க வேண்டும்.
- கொசு எண்ணெய், காயத்துக்குக் கட்டு, வழக்கமாகச் சாப்பிடும் மருந்துகள்.

வீட்டில் இருக்கும் ஒருவரிடம் போகும் இடத்தையும் திரும்பும் நேரத்தையும் சொல்லிவிட்டுப் போக வேண்டும். அந்த நேரத்துக்கு மேல் இரண்டு மணி நேரம் ஆகியும் தகவல் இல்லையென்றால் 999-ஐ அழைக்கும்படி அவரிடம் கூறிவைப்பது நல்லது.

திரும்பும் நேரமே முக்கியம்

குடும்ப நடையில் வேகத்தை நிர்ணயிப்பவர் வேகமாக நடக்கும் அண்ணன் அல்ல, கடைசியாக வரும் குழந்தைதான். பெரியவர் ஒருவர் முன்னால், இன்னொருவர் பின்னால், பிள்ளைகள் நடுவில் என்ற வரிசை கலையாமல் இருக்க வேண்டும்.

காலை 8 மணிக்கு ஏறத் தொடங்கினால், எங்கே இருந்தாலும் 11 மணிக்குத் திரும்புவது என்று அடிவாரத்திலேயே எல்லோர் முன்னிலையிலும் முடிவு செய்துவிட வேண்டும். உச்சி கண்ணில் தெரியும்போது, “இன்னும் பத்தே நிமிடம்தான்” என்ற ஆசை வரும். அந்த நேரத்தில் முடிவெடுப்பது கடினம்; கீழேயே எடுத்த முடிவு அப்போது கைகொடுக்கும். டிசம்பரில் ஏறக்குறைய 7 மணிக்குச் சூரியன் மறைந்தாலும், மேகமும் மர நிழலும் சேர்ந்து காட்டுக்குள் அதற்கு வெகு முன்பே இருட்டிவிடும்.

வழி தவறிவிட்டால் அலையாமல் ஓரிடத்தில் எல்லோரும் சேர்ந்து நின்று 999-ஐ அழைக்க வேண்டும். தீயணைப்பு மீட்புப் படையினருக்கு நகர்ந்துகொண்டே இருப்பவரைவிட நின்றிருப்பவரைத் தேடுவது எளிது.

உச்சியைத் தொடாமல் திரும்பிய பிள்ளைகளுக்கு ஏமாற்றம் இருக்கத்தான் செய்யும். மலை அங்கேயேதான் இருக்கிறது, பிப்ரவரியில் மண் காய்ந்ததும் மறுபடி வரலாம் என்று சொல்லிக் கூட்டிவந்துவிட வேண்டும்.