ராத்கூல்: ஒரு குடியிருப்பின் வரலாறு

வட அயர்லாந்தின் தலைநகரான பெல்ஃபாஸ்ட்டுக்கு வடக்கே, நியூடவுன்ஆபி புறநகரில் அமைந்தது ராத்கூல். அப்பெயரிலுள்ள 'ராத்' என்னும் ஐரிஷ் சொல்லுக்கு மண்கோட்டை என்பது பொருள். 1945இல் தோன்றிய அரசு வீட்டுவசதி நிறுவனம் 1950களில் உழைக்கும் மக்களுக்காக இக்குடியிருப்பை எழுப்பியது. புராட்டஸ்டண்டினரே பெரும்பான்மையினர்; எனினும் கத்தோலிக்கரும் கணிசமாக வாழ்ந்தனர். ஸ்டெல்லா மாரிஸ் கால்பந்துக் குழுவில் இரு பிரிவு இளைஞரும் சேர்ந்தே ஆடினர்.

1969இல் மூண்ட கலவரம் அவ்வுறவை அறுத்தது. மிரட்டலுக்கு அஞ்சிக் கத்தோலிக்கக் குடும்பங்கள் வெளியேறின. பெல்ஃபாஸ்ட்டின் பிற பகுதிகளிலிருந்து அதே அச்சத்தால் துரத்தப்பட்ட புராட்டஸ்டண்டுக் குடும்பங்கள் ராத்கூலில் அடைக்கலம் தேடின. ஏதிலியர் விட்டுச்சென்ற இடம் ஏதிலியர்க்கே புகலாயிற்று.

1972இல் வெளியேறிய குடும்பங்களுள் ஒன்று பாபி சாண்ட்ஸினுடையது. ஸ்டெல்லா மாரிஸ் குழுவில் ஆடிய அவ்விளைஞர், பின்னாளில் அயர்லாந்துக் குடியரசுப் படையினராகச் சிறைப்பட்டு, அங்கே கவிதைகள் எழுதினார். நாடாளுமன்ற உறுப்பினராகத் தேர்வு பெற்ற நிலையில், 66 நாள் உண்ணாநோன்புக்குப் பின் 1981 மே 5ஆம் நாள் உயிர்நீத்தார்.

1921இல் அயர்லாந்தைப் பிரித்தவர்கள் வரைபடத்தில் கோடிட்டனர். ராத்கூலைப் பிரிக்க எவரும் கோடிடவில்லை. வாடகைப் பதிவேட்டில் பெயர்கள் மாறின; அவ்வளவே. கோட்டையின் பெயர் தாங்கிய ஊர், தன் மக்களுள் ஒரு பகுதியினரைக் காக்கவில்லை.