புரவலர் என்னும் சொல்லும் ஸ்காட்லாந்துத் திருச்சபையும்

தமிழிலக்கியம் பயின்ற நமக்குப் ‘புரவலர்’ என்பது பெருமைக்குரிய சொல். பாரியும் குமணனும் அதன் பொருளாய் நம் நெஞ்சில் நிற்பவர்கள். ஸ்காட்லாந்திலோ புரவலர் உரிமை என்னும் ஒன்றே திருச்சபையை இரண்டாகப் பிளந்தது. அப்பிளவு சென்னை வரை வந்தது என்பதை நம்முட் பலர் அறியார்.

அங்குப் புரவலர் எனப்பட்டோர் பெரும்பாலும் நிலக்கிழார்கள். ஊர்த் திருச்சபைக்குப் போதகரை நியமிக்கும் உரிமையை 1712ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களுக்கு மீட்டளித்தது. சபையார் வேண்டாவென்ற போதகரையும் நீதிமன்றங்கள் ஏற்கச் செய்தன. 1843 மே 18 அன்று எடின்பரோவில் கூடிய பொதுப் பேரவையினின்று தாமஸ் சால்மர்ஸ் முதலானோர் எழுந்து வெளியேறினர். ஏறத்தாழ 1,200 போதகருள் 474 பேர் வீட்டையும் ஊதியத்தையும் துறந்து ‘சுதந்திரத் திருச்சபை’ கண்டனர். ஆலயம் எழுப்ப ஓரடி மண்ணும் தர மறுத்தனர் நிலக்கிழார் சிலர். ஸ்ட்ராண்டியன் என்னும் ஊரார் 1846இல் மிதக்கும் ஆலயமொன்றைக் கட்டுவித்துக் கடற்கழியில் நங்கூரமிட்டு வழிபட்டனர். மண் மறுக்கப்பட்டவர் நீரின்மேல் நின்றனர்!

இந்தியாவிலிருந்த அத்திருச்சபையின் சமயப் பணியாளர் அனைவரும் வெளியேறியோர் பக்கமே சேர்ந்தனர். சென்னையில் 1837 முதல் பள்ளி நடத்திவந்த ஜான் ஆண்டர்சனும் அவருள் ஒருவர். கம்பெனியின் ஊதியம் பெற்ற குருமார் பணியாற்றிய எழும்பூர் புனித ஆந்திரேயா ஆலயமோ பழைய திருச்சபையிலேயே நின்றது. ஒரே ஊரில் ஒரே மொழி பேசிய சிறு கூட்டம் இரண்டாயிற்று. புதுவாயல் வழியே வடக்கே செல்லும் நம் சாலை சென்றடையும் நெல்லூரிலும் ஆண்டர்சன் குழுவினர் பள்ளி நடத்தினர். பரிதிமாற்கலைஞர் தமிழ் கற்பித்த சென்னைக் கிறித்துவக் கல்லூரி ஆண்டர்சனின் பள்ளியிலிருந்து வளர்ந்ததே.

இப்பிளவுக்கு முன்னரே, 1838இல், ஆண்டர்சன் ஒரு சோதனையைச் சந்தித்திருந்தார். தீண்டாமைக்கு உட்படுத்தப்பட்ட வகுப்புச் சிறுவரை அவர் பள்ளியிற் சேர்த்தார். மேற்சாதிப் பெற்றோர் அவர்களை நீக்கக் கோரினர். அவர் இணங்கவில்லை, மாணவர் பலர் விலகினர். மதமாற்ற நோக்கத்தை மறைக்காத பள்ளி அது என்பதை நான் மறக்கவில்லை. எனினும் அந்த மறுப்பை நான் மதிக்கிறேன்.

ஆனால் அதே சுதந்திரத் திருச்சபைதான், நிலக்கிழாரை உதறியபின் நிதி திரட்ட அமெரிக்காவுக்கு ஆளனுப்பியது. அங்கே அடிமைகளை உடைய தென்மாநிலத்தாரிடமும் கைநீட்டிப் பெற்றுவந்த தொகை ஏறத்தாழ 3,000 பவுன். அடிமைத்தளையினின்று தப்பிவந்த பிரெடரிக் டக்ளஸ் 1846இல் ஸ்காட்லாந்தின் ஊர்தோறும் சென்று, அப்பணத்தைத் திருப்பியனுப்புமாறு முழங்கினார். சுவர்களிலும் அம்முழக்கம் எழுதப்பட்டது. சால்மர்ஸ் போன்ற பெரியோரும் திருச்சபையின் செயலுக்குச் சமாதானமே கூறினர். பணம் திரும்பவில்லை.

புரவலர் உரிமை 1874இல் ஒழிந்தது. பிரிந்தோருள் பெரும்பகுதியினர் 1929இல் பழைய திருச்சபையோடு இணைந்தனர். நம் வட்டத்தின் நன்கொடை ஏடும் ஆண்டுவிழாதோறும் கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையை ஒரு சுற்றுச் சுற்றி வருகிறது. டக்ளஸ் பகுதியைச் சற்று விரித்து எழுதியது அதனாற்றான்.