அனுமதிப்பத்திரமும் நீதிமன்ற ஆணையும்

கொட்டாஞ்சேனையிலோ வெள்ளவத்தையிலோ ஓர் உணவுக்கடைக்குள் நுழைபவர், சுவரிலே சட்டமிட்டு மாட்டிய ஒரு தாளைக் காணலாம். அது மாநகரசபை வழங்கிய அனுமதிப்பத்திரம். அத்தாள் உள்ளவரை கடையில் அடுப்பு எரியும். அது மறுக்கப்பட்டால் முதலாளி முதல் பாத்திரம் கழுவுபவர் வரை அத்தனை பேரின் வீட்டு அடுப்பும் அணையும். அதனைக் கொடுக்கவும் பறிக்கவும் வல்ல உத்தியோகத்தர் யாருக்குக் கட்டுப்பட்டவர்?

இவ்வினாவுக்கு விடை கூறும் நீதிமன்றங்கள் அமைந்த இடத்துக்குத் தமிழர் இட்ட பெயரே புதுக்கடை என்பதாகும். 1889ஆம் ஆண்டின் நீதிமன்றங்கள் கட்டளைச் சட்டம், உத்தியோகத்தர்க்கு எழுத்தாணை அனுப்பும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்கு அளித்தது. கடமையைச் செய்ய மறுப்பவரைச் செய்யுமாறு பணிப்பது ஓர் ஆணை. முறைகேடான முடிவை அழித்துவிடுவது மற்றோர் ஆணை.

இவ்வதிகாரத்தின் எல்லை எதுவென்பதை ஒரு புடைவை வியாபாரியின் வழக்குச் சோதித்தது. போர்க்காலத் தட்டுப்பாட்டினால் புடைவை வணிகம் கட்டுப்பாட்டுக்குள் வந்தது. 1945ஆம் ஆண்டின் பிரமாணங்கள், ஒரு வியாபாரி தொழிலைத் தொடரத் தகுதியற்றவர் என நம்புவதற்கு நியாயமான காரணம் இருப்பின், அவருடைய அனுமதிப்பத்திரத்தை நீக்கலாமெனப் புடைவைக் கட்டுப்பாட்டாளருக்கு உரிமை தந்தன. அவ்வாறு அனுமதியை இழந்த வணிகர் உயர் நீதிமன்றத்தை நாடித் தோற்றார். பின்னர் இலண்டனிலுள்ள கோமறைக் கழகம் வரை சென்றார். ‘நக்குடா அலி எதிர் ஜயரத்ன’ என்னும் அவ்வழக்கில் 1950இல் றட்கிளிவ் பிரபு தீர்ப்புரைத்தார்.

தீர்ப்பு இரு முகம் உடையது. ‘நியாயமான காரணம்’ என்றால், உத்தியோகத்தர் தம் மனத்தில் அவ்வாறு எண்ணினால் மட்டும் போதாது. காரணம் உண்மையாகவே இருத்தல் வேண்டும் என்றது. இது வணிகர்க்கு அரண். ஆயினும், கட்டுப்பாட்டாளர் நீதிபதியைப் போல் விசாரிப்பவரல்லர், ஒரு சலுகையைத் திரும்பப் பெறுபவரே; ஆகையால் அவருடைய முடிவை அழிக்கும் எழுத்தாணை செல்லாது என்றும் கூறியது. மேன்முறையீடு தள்ளப்பட்டது.

ஒருவன் பிழைப்புக்கு வழியானதைச் சலுகை என்னலாமா? பதின்மூன்று ஆண்டுகளின் பின், 1963இல், பிறைற்றன் நகரப் பொலிஸ் தலைவர் விசாரணையின்றி நீக்கப்பட்ட வழக்கில், இங்கிலாந்தின் பிரபுக்கள் சபை வேறு வழி காட்டியது. ஒருவருடைய உரிமையைத் தொடும் முடிவு எதுவாயினும், அவர் கூறுவதைக் கேட்டே எடுக்கப்படல் வேண்டும் என்ற கொள்கை அங்கே உயிர்பெற்றது. இலங்கைத் தீர்ப்பின் நியாயத்தை றீட் பிரபு அவ்வழக்கிலே கண்டித்துரைத்தார்.

எனினும் ஆணை பிறப்பித்தல் பாதி வேலையே. நீதிமன்றம் கொடு என்ற பின்னும் அதிகாரி கோப்பை மேசையில் கிடத்தி வைத்தால் வணிகருக்குக் கிடைத்தது என்ன? ஆணையை அறிந்தும் வேண்டுமென்றே மீறுதல் நீதிமன்ற அவமதிப்பாகும். பதவி அதற்குக் கவசமன்று. நாடுகடத்தப்பட்ட ஒருவரைத் திருப்பிக் கொணருமாறு நீதிபதி இட்ட ஆணை மீறப்பட்டமைக்காக, பிரித்தானிய உள்நாட்டு அமைச்சரே அப்பதவியின் பேரில் அவமதிப்புக்கு உட்பட்டவர் என 1993இல் பிரபுக்கள் சபை தீர்த்தது.

இலங்கையின் 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பு, சட்டமுறையான தொழிலையும் வணிகத்தையும் நடத்தும் சுதந்திரத்தைக் குடிமக்களின் அடிப்படை உரிமையாக்கிற்று. எழுத்தாணை வழங்கும் அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அளித்தது. அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தை அதற்கும் உயர் நீதிமன்றத்துக்கும் உறுதி செய்தது. அவமதிப்புக்கெனத் தனிச் சட்டம் 2024இலேயே வந்தது.

அநுராதபுரத்தில் எல்லாளன், முறை வேண்டுவோர் அடிக்க ஒரு மணி கட்டியிருந்தான் என மகாவம்சம் கூறும். எழுத்தாணை இக்காலத்து மணி. அடித்தவன் குரலுக்கு அதிகாரி செவிசாய்த்தே ஆகவேண்டும் என்பதை நிலைநாட்டுவது அவமதிப்புச் சட்டம். அஃதில்லையேல், மணி ஒலிக்கும், முறை கிட்டாது.