நோன்போடு ஆடிய நெடியவர்

உடல் வலிமையால் புகழ் பெற்றோர் பலர். அவ்வலிமையைத் தம் கட்டுக்குள் வைத்திருந்தோர் சிலரே. அச்சிலருள் ஒருவராகக் கூடைப்பந்து வீரர் ஹகீம் ஒலாஜுவானை நாம் காண்கிறோம்.

நைஜீரியாவின் லாகோஸ் நகரில், சிமெண்டு வணிகம் செய்துவந்த யோருபா முஸ்லிம் குடும்பமொன்றில் 1963 ஜனவரி 21-ஆம் நாள் அவர் பிறந்தார். இளமையில் அவர் விரும்பி ஆடியவை கால்பந்தும் ஹேண்ட்பாலுமே. கூடைப்பந்தை அவர் கையில் எடுத்தபோது வயது ஏறத்தாழ 15. பிந்தித் தொடங்கியது குறையாகவில்லை. கால்பந்தில் பழகிய கால்வேகமே, பின்னாளில் அந்த ஏழடி மனிதர் எதிராளியைத் திகைக்கவைத்த திருப்பங்களாக மலர்ந்தது.

1980-இல் அமெரிக்கா சென்று ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். 1984-இல் தொழில்முறை அணிகள் புதியவர்களைத் தேர்ந்தபோது, ஹூஸ்டன் ராக்கெட்ஸ் அணி முதலாமவராக அவரையே எடுத்தது. அவ்வாண்டில் மைக்கேல் ஜோர்டான் மூன்றாமவர்!

தொடக்க ஆண்டுகளில் ஆடுகளத்தில் அவர் சினம் மிக்கவராகவே அறியப்பட்டார். ஹூஸ்டனில் பள்ளிவாசலோடு மீண்டும் உறவு மலர்ந்தபின், அவருடைய போக்கில் அமைதி குடிகொண்டது. 'அகீம்' என வழங்கிவந்த தம் பெயரை 1991-இல் 'ஹகீம்' எனத் திருத்திக்கொண்டார். ஞானமுடையோன் என்பது அதன் பொருள்.

1993-94 பருவத்தில் மதிப்புமிகு வீரர், சிறந்த தடுப்பாட்டக்காரர், இறுதித் தொடரின் சிறந்த வீரர் ஆகிய மூன்று விருதுகளையும் ஒருசேரப் பெற்ற முதல்வர் அவரே. 1994, 1995 ஆகிய ஈராண்டும் அவருடைய அணி வாகை சூடியது.

நம் உள்ளத்தை ஈர்ப்பது வேறொன்று. 1995 பிப்ரவரி முழுவதும் ரமளானாக அமைந்தது. பகலில் நடந்த ஆட்டங்களிலும் ஒரு மிடறு நீர் அருந்தாது அவர் ஆடினார். அம்மாதத்தின் சிறந்த வீரர் என்னும் விருது அவரையே வந்தடைந்தது. தேர்வு என்றும் வேலை என்றும் நோன்புக்குச் சாக்குத் தேடும் மனம் நம்மில் பலருக்கு உண்டு. அம்மனத்தை நாணச் செய்யும் செய்தி இது.

2002-இல் ஓய்வுபெற்றபோது அவர் தடுத்திருந்த எறிகள் 3,830. அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்தில் அதுவே முதலிடம் பெற்ற எண்ணிக்கை. 2008-இல் கூடைப்பந்துப் புகழ்மண்டபம் அவரை ஏற்றது. அவருடைய ஆட்டப் பதிவுகளைப் பார்த்துப் பயின்ற கேமரூன் நாட்டு ஜோயல் எம்பீட் 2023-இல் மதிப்புமிகு வீரரானார். ஆப்பிரிக்க இளைஞருக்கு அவர் திறந்த வாயில் இன்னும் மூடப்படவில்லை.

விருதுகள் பேழையில் உறங்கும். பசியிலும் தளராத உறுதியோ பிள்ளைகளுக்குச் சொல்லத்தக்க வரலாறாக நிற்கும்.