காலைக் கடைந்தவர்

கைக்கருவிகளால் செய்த நாற்காலி என்றதும், ஒரே தச்சர் அதை முழுதாய்ச் செய்து முடித்ததாகவே நாம் எண்ணிக்கொள்கிறோம். இங்கிலாந்தின் விண்ட்ஸர் நாற்காலி பெரும்பாலும் அப்படிப் பிறக்கவில்லை. லண்டனுக்கு வடமேற்கே, சில்டர்ன் குன்றுகளின் பீச் மரக்காடுகளில், 'பாட்ஜர்' எனப்பட்ட கடைசல்காரர்கள் கால்களையும் அவற்றை இணைக்கும் குறுக்குக் கட்டைகளையும் மட்டுமே செய்தனர். பச்சை மரத்தைப் பிளந்து, கோடரியால் செதுக்கி, கத்தியால் சீவிய பின்பே கடைசல். வளைந்து நிமிரும் நீண்ட கழி ஒன்றே அவர்களது விசை. அதன் நுனியில் கட்டிய கயிறு மரத்துண்டைச் சுற்றிவந்து மிதிகட்டையில் முடியும். மிதித்தால் மரம் உளியை நோக்கிச் சுழலும். விட்டால் கழி நிமிர்ந்து எதிர்த்திசையில் சுழற்றும். ஆகவே பாதிச் சுழற்சியில்தான் உளி வெட்டும்.

கால்கள் ஹை விக்கம் ஊரின் பட்டறைகளுக்குச் சென்றன. அங்கே ஒருவர் எல்ம் பலகையை வாய்ச்சியால் குடைந்து இருக்கையாக்கினார்; வேறொருவர் பொருத்தினார். 1870களில் அவ்வூரில் நாளொன்றுக்கு ஏறத்தாழ 4,700 நாற்காலிகள் உருவாயின. கைவேலையென்றால் வேலைப் பிரிவினை அற்றது என்ற எண்ணம் நமக்கு எங்கிருந்து வந்ததோ! இருக்கையில் முத்திரை காணப்பட்டால் பெரும்பாலும் அது பட்டறையினுடையது. காட்டில் கால் கடைந்தவரின் பெயர் அதில் இல்லை.