கண்புரை அறுவைச் சிகிச்சையும் நரம்புவலி மருந்துகளும்

நரம்புவலி மருந்துகள் என்பவை, நரம்புகள் பழுதடைவதால் உண்டாகும் எரிச்சல், குத்தல், மின்னதிர்ச்சி போன்ற வலி ஆகியவற்றைத் தணிப்பதற்காக நாள்தோறும் உட்கொள்ளப்படும் மருந்துகள் ஆகும். கண்புரை அறுவைச் சிகிச்சை என்பது மங்கிப்போன கண்வில்லையை அகற்றி, அவ்விடத்தில் செயற்கை வில்லை ஒன்றைப் பொருத்தும் சிகிச்சை ஆகும். நரம்புவலியும் கண்புரையும் முதுமையில் ஒருவரிடமே சேர்ந்து காணப்படுவது உண்டு. பொதுவாக, கண்புரை அறுவைச் சிகிச்சைக்காக நரம்புவலி மருந்துகளை நிறுத்த வேண்டிய தேவை இல்லை. அவற்றை நோயாளி தானாகவே திடீரென நிறுத்திவிடுவதும், உட்கொண்டு வருவதை மருத்துவரிடம் தெரிவிக்காமல் இருப்பதுமே பெரும்பாலும் இடர்களை உண்டாக்குகின்றன.

பின்னணி

நீரிழிவு நோய் இவ்விரண்டு நிலைகளுக்கும் பொதுவான காரணங்களுள் ஒன்றாகும். இரத்தத்தில் சர்க்கரை மிகும்போது கண்வில்லையில் சார்பிட்டால் என்னும் பொருள் சேர்கிறது. இதனால் கண்புரை இளவயதிலேயே தோன்றக்கூடும். அதே நோய் கால்களுக்குச் செல்லும் நீண்ட நரம்புகளையும் பழுதாக்கிப் பாத எரிச்சலை உண்டாக்குகிறது. அக்கி நோய்க்குப் பின் நீடிக்கும் வலி, முகத்தில் மின்வெட்டுப் போல் தோன்றும் முக்கிளை நரம்புவலி ஆகியனவும் முதியவர்களிடம் மிகுதியாகக் காணப்படுகின்றன.

கண்புரை அறுவைச் சிகிச்சை பெரும்பாலும் கண்ணை மட்டும் மரத்துப்போகச் செய்தே நடைபெறுகிறது. இதற்குச் சொட்டு மருந்தோ, கண்ணைச் சுற்றிப் போடப்படும் ஊசியோ பயன்படுகிறது. நோயாளி விழித்த நிலையில், முகம் துணியால் மூடப்பட்டு, அசையாமல் மல்லாந்து படுத்திருக்க வேண்டும். சார்லசு கெல்மன் 1967 ஆம் ஆண்டில் அறிமுகப்படுத்திய மீயொலி முறையிலும், இந்தியாவில் பரவலாக உள்ள சிறுகீறல் முறையிலும் இந்நிலை பொதுவானதே. எனவே வலி, நடுக்கம், இருமல், உறக்கக் கலக்கம் ஆகிய ஒவ்வொன்றும் அறுவையின்போது பொருட்படுத்தத் தக்கதாகிறது.

முதன்மையான மருந்துகள்

- கபாபென்டின், பிரிகாபலின்: நரம்பணுக்களில் உள்ள கால்சியம் வாயில்களின் ஒரு பகுதியுடன் பிணைந்து வலிச் செய்திகளைக் குறைப்பவை. கபாபென்டின் 1993 ஆம் ஆண்டில் ஐக்கிய அமெரிக்காவில் வலிப்பு நோய்க்கான மருந்தாக ஏற்கப்பட்டது. பிரிகாபலின் அங்கு 2004 ஆம் ஆண்டில் ஏற்கப்பட்டது. இரண்டும் சிறுநீரகங்கள் வழியாகவே வெளியேறுகின்றன. ஆகவே சிறுநீரகக் குறைபாடு உள்ளோருக்கு அளவு குறைக்கப்படுகிறது.
- அமிட்ரிப்டிலின், நார்ட்ரிப்டிலின்: மனச்சோர்வுக்காக உருவாக்கப்பட்டுப் பின்னர் குறைந்த அளவில் நரம்புவலிக்கும் பயன்படுத்தப்படுபவை.
- டுலாக்செட்டின்: மனச்சோர்வுக்கும் நீரிழிவு நரம்புவலிக்கும் தரப்படுவது.
- கார்பமாசெபின்: முக்கிளை நரம்புவலிக்கு முதலில் தரப்படும் மருந்து. இது வலிப்பு நோய்க்கும் தரப்படுகிறது.
- கேப்சைசின் களிம்பு, லிடோகெயின் ஒட்டுப்பட்டை: தோலின்மேல் பயன்படுத்தப்படுபவை. கேப்சைசின் மிளகாயின் காரத்திற்குக் காரணமான பொருளாகும்.

"சத்து மாத்திரை" என்னும் குழப்பம்

இந்தியாவில் பிரிகாபலின் அல்லது கபாபென்டினுடன் மெத்தில்கோபாலமின் என்னும் பி12 உயிர்ச்சத்து சேர்ந்த கூட்டு மாத்திரைகள் பரவலாக விற்கப்படுகின்றன. பிரிகாபலினும் நார்ட்ரிப்டிலினும் சேர்ந்தவையும் உண்டு. மக்கள் இவற்றை "நரம்பு மாத்திரை" என்றோ "சத்து மாத்திரை" என்றோ அழைப்பர். வேறு மருந்து ஏதேனும் உட்கொள்கிறீர்களா என மருத்துவமனையில் கேட்கும்போது சர்க்கரை மாத்திரையையும் இரத்த அழுத்த மாத்திரையையும் கூறிவிட்டு, சத்து மாத்திரைதானே என்று இதனை விட்டுவிடுவது எளிதில் நேரக்கூடிய தவறாகும். வாயால் பெயரைக் கூறுவதைவிட மாத்திரை அட்டையையோ மருந்துச் சீட்டையோ நேரில் காட்டுவது இக்குழப்பத்தைத் தவிர்க்கும்.

திடீரென நிறுத்துவதால் வரும் விளைவுகள்

கபாபென்டின், பிரிகாபலின் ஆகியவற்றை நிறுத்த வேண்டிய நிலை ஏற்பட்டாலும் குறைந்தது ஒரு வார காலத்தில் படிப்படியாகக் குறைத்தே நிறுத்த வேண்டும் என அம்மருந்துகளின் குறிப்பேடுகள் கூறுகின்றன. திடீரென நிறுத்தினால் உறக்கமின்மை, குமட்டல், வியர்வை, பதற்றம், தலைவலி ஆகியவை தோன்றலாம். வலிப்பு நோய்க்காக இவற்றையோ கார்பமாசெபினையோ உட்கொள்வோருக்கு வலிப்பு மீண்டும் வரலாம். டுலாக்செட்டினை உடனே நிறுத்துவோருக்குத் தலைச்சுற்றலும் உடலில் மின்னதிர்வு போன்ற உணர்வும் ஏற்படுவதுண்டு.

முக்கிளை நரம்புவலி உள்ளோருக்கு இது மேலும் முக்கியமானது. இந்நோயில் முகத்தை இலேசாகத் தொடுவதே வலியைத் தூண்டக்கூடும். அறுவைக்கு முன் கண்ணைச் சுற்றிய தோல் துடைக்கப்படுகிறது, முகத்தின்மேல் துணி ஒட்டப்படுகிறது, இமைகள் கருவியால் விரித்து வைக்கப்படுகின்றன. அறுவை நாளன்று காலை மருந்தைத் தவிர்த்துவிட்டு வருபவருக்கு, மேசையில் படுத்திருக்கும்போதே வலி தாக்கக்கூடும்.

அமைதியூட்டும் மருந்துகளுடன் சேரும்போது

சில நோயாளிகளுக்கு அச்சத்தைக் குறைப்பதற்காக மிடசோலம் போன்ற அமைதியூட்டும் மருந்து தரப்படுகிறது. பிரிகாபலினும் கபாபென்டினும் தாமாகவே உறக்கத்தை உண்டாக்குபவை ஆதலால், இரண்டும் சேரும்போது உறக்கம் மிகுவதோடு மூச்சும் மந்தமாகலாம். ஐக்கிய அமெரிக்காவின் உணவு, மருந்து நிர்வாகம் 2019 டிசம்பரில் இது குறித்து எச்சரிக்கை வெளியிட்டது. முதியவர்கள், நாள்பட்ட நுரையீரல் நோய் உள்ளோர், அபினி வகை வலிநீக்கிகளையோ மூளையின் செயலைத் தணிக்கும் பிற மருந்துகளையோ உட்கொள்வோர் ஆகியோருக்கு இடர் மிகுதி என அதில் கூறப்பட்டுள்ளது. உறக்கத்தில் மூச்சுத் தடைபடும் நோய் உள்ளோரும் அதனைத் தெரிவிக்க வேண்டும்.

கண் அறுவையில் மற்றோர் இடரும் உண்டு. மிகையாக உறங்கிவிட்ட நோயாளி திடுக்கிட்டு விழித்துத் தலையை அசைத்துவிடலாம். ஆகவே நோயாளி உட்கொள்ளும் மருந்தை முன்னரே அறிந்த மயக்கவியல் மருத்துவர், அமைதியூட்டும் மருந்தின் அளவைக் குறைப்பார் அல்லது அதனைத் தவிர்ப்பார். கார்பமாசெபின் இதற்கு மாறாக, கல்லீரலில் மிடசோலம் சிதைவதை விரைவுபடுத்தி அதன் விளைவைக் குறைக்கிறது. எவ்வகையானாலும் மருத்துவர் அறிந்திருப்பதே தேவையானது.

கண்ணின்மேல் ஏற்படும் விளைவுகள்

- அமிட்ரிப்டிலின் கண்ணீர்ச் சுரப்பைக் குறைத்துக் கண்ணை உலரச் செய்யலாம். உலர்ந்த கண்ணில் கருவிழியின் வளைவை அளப்பதில் பிழை நேரலாம். பொருத்த வேண்டிய செயற்கை வில்லையின் திறன் இவ்வளவையும் கொண்டே கணக்கிடப்படுவதால், கண் உலர்வு இருப்பின் அதனை முதலில் சரிசெய்வது நன்று.
- அமிட்ரிப்டிலினும் டுலாக்செட்டினும் கண்மணியை விரிவடையச் செய்யக்கூடியவை. கண்ணின் முன்பகுதிக் கோணம் குறுகியோருக்கு இதனால் கண்ணழுத்தம் திடீரென உயரலாம். முற்றிய கண்புரையால் தடித்த வில்லை இக்கோணத்தை மேலும் குறுக்குகிறது. அவ்வில்லையை அகற்றிய பின் கோணம் விரிவதால் இந்த இடரும் குறைகிறது.
- கண்மணியை விரிக்கப் பயன்படும் ஃபீனைலெஃப்ரின் சொட்டு மருந்து ஓரளவு இரத்தத்தில் கலக்கிறது. அமிட்ரிப்டிலின் வகை மருந்துகளை உட்கொள்வோருக்கு அதனால் இரத்த அழுத்தம் மிகுதியாக உயரலாம். இத்தகையோருக்கு 10 விழுக்காட்டுச் சொட்டு மருந்தைத் தவிர்த்து, 2.5 விழுக்காட்டு மருந்தையோ வேறு மருந்தையோ பயன்படுத்த இயலும்.
- பிரிகாபலின் சிலருக்குப் பார்வை மங்கலையோ இரட்டைப் பார்வையையோ உண்டாக்கும். அறுவைக்கு முன்னரே இது இருந்ததா என்பதைக் குறித்து வைத்தால், பின்னர் அதனை அறுவையின் குறையாகக் கருதும் குழப்பம் நேராது.

நரம்புவலி மருந்து அல்லாத டாம்சுலோசின் இங்குக் குறிப்பிடத்தக்கது. ஆண்கள் புரோசுடேட் சுரப்பி வீக்கத்திற்காக உட்கொள்ளும் இம்மருந்து, அறுவையின்போது கருவிழிப்படலத்தைத் தளரச் செய்கிறது என டேவிட் சாங், ஜான் கேம்பல் ஆகியோர் 2005 ஆம் ஆண்டில் விவரித்தனர். அறுவைக்கு முன் அதனை நிறுத்துவதாலும் இத்தளர்ச்சி உறுதியாக நீங்குவதில்லை. ஆனால் முன்னரே அறிந்த மருத்துவர் அதற்கேற்ற கருவிகளுடன் ஆயத்தமாக இருப்பார்.

அறுவைக்கு முன் தெரிவிக்க வேண்டியவை

அமெரிக்காவிலும் கனடாவிலும் 18,000-க்கும் மேற்பட்ட நோயாளிகளிடம் நடத்தப்பட்டு 2000 ஆம் ஆண்டில் வெளியான ஆய்வு ஒன்று, கண்புரை அறுவைக்கு முன் அனைவருக்கும் வழக்கமாகச் செய்யப்படும் இரத்தப் பரிசோதனை, இதய மின்வரைவு ஆகியவற்றால் பாதுகாப்பு கூடுவதில்லை எனக் காட்டியது. நோயாளியின் நோய் வரலாற்றைக் கேட்டறிவதற்கு இத்தகைய பொதுப் பரிசோதனைகள் ஈடாவதில்லை. தெரிவிக்க வேண்டியவை வருமாறு:

- உட்கொள்ளும் எல்லா மருந்துகளின் பெயர், அளவு, வேளை
- மருந்து எந்நோய்க்காகத் தரப்பட்டது என்பது (நரம்புவலியா, வலிப்பா, மனச்சோர்வா)
- சிறுநீரக, நுரையீரல் நோய்களும் உறக்கத்தில் மூச்சுத் தடையும்
- கண்ணைச் சுற்றி முன்னர் அக்கி வந்திருந்தால் அச்செய்தி
- அசையாமல் மல்லாந்து படுக்க இயலாத நிலை

அறுவை நாளன்று

வழக்கமான வேளை மருந்தைச் சிறிதளவு தண்ணீருடன் உட்கொள்ளலாம் என்பதே பொதுவான அறிவுரை. எனினும் மருத்துவமனை கூறும் முறையையே பின்பற்ற வேண்டும். வெறும் வயிற்றுடன் வரச் சொன்னால், மருந்துகளுக்கும் அது பொருந்துமா என ஒவ்வொன்றாகக் கேட்டறிய வேண்டும். இன்சுலினுக்கும் சர்க்கரை மாத்திரைக்கும் வேறு விதி உண்டு. அச்சத்தாலோ வலி வரும் என்னும் ஐயத்தாலோ வழக்கத்தைவிடக் கூடுதலாக நரம்புவலி மாத்திரை உட்கொள்ளுதல் கூடாது.

அறுவைக்குப் பின்

நரம்புவலி மருந்துகளை வழக்கம்போல் தொடரலாம். கண்ணில் இடப்படும் நுண்ணுயிர்க்கொல்லி, இயக்க ஊக்கி ஆகிய சொட்டு மருந்துகள் பொதுவாக இவற்றுடன் முரண்படுவதில்லை. கண் மறைக்கப்பட்ட நிலையில் இம்மருந்துகளால் வரும் தலைச்சுற்றல் கீழே விழ வழிவகுக்கலாம். ஆதலால் முதல் சில நாட்களில், குறிப்பாக இரவில் எழும்போது, உடன் ஒருவர் இருப்பது நன்று.

அறுவைக்குப் பின் தோன்றும் இலேசான உறுத்தலுக்குப் பெரும்பாலும் பாராசிட்டமால் போதுமானது. டுலாக்செட்டின் அல்லது அமிட்ரிப்டிலின் உட்கொள்வோர் ட்ரமடாலைத் தாமாக வாங்கி உட்கொள்ளுதல் கூடாது. இவை சேர்வதால் வலிப்பும், செரட்டோனின் மிகையால் ஏற்படும் கடும் நிலையும் உண்டாகலாம்.

பாதத்தில் கேப்சைசின் களிம்பு பூசுவோர் கூடுதல் கவனம் கொள்ள வேண்டும். களிம்பு பட்ட விரலால் கண்ணைத் தொட்டால் கடும் எரிச்சல் உண்டாகும். சொட்டு மருந்தை முதலில் இட்டு, களிம்பைப் பின்னர் கையுறையுடன் பூசுவதோ, பிறரைக் கொண்டு பூசுவதோ பாதுகாப்பானது.

உடனே மருத்துவரை நாட வேண்டிய நிலை

அறுவைக்குப் பின் கண்ணில் வலி மிகுதல், சிவப்பு கூடுதல், பார்வை குறைதல் ஆகியவை கண்ணின் உட்பகுதியில் ஏற்பட்ட தொற்றின் அறிகுறிகளாக இருக்கலாம். இத்தொற்று பெரும்பாலும் முதல் வாரத்திலேயே தோன்றுகிறது. சில மணி நேரத் தாமதமும் பார்வையைப் பறிக்கக்கூடும். இவ்வலியை நரம்புவலி எனக் கருதிக் கூடுதல் மாத்திரை உட்கொண்டு காத்திருப்பதோ, மங்கலை மாத்திரையின் விளைவெனக் கொள்வதோ தவறாகும். அறுவை செய்த மருத்துவமனையை அன்றே அணுக வேண்டும்.

இக்கட்டுரை பொதுத் தகவலுக்கு மட்டுமே. மருந்தின் அளவை மாற்றுவதும் நிறுத்துவதும் மருத்துவரின் அறிவுரைப்படியே அமைய வேண்டும்.

இவற்றையும் பார்க்கவும்

- கண்புரை
- நீரிழிவு நோய்
- அக்கி
- முக்கிளை நரம்புவலி